பதவி உயர்வு வந்தது, ஊர் போனது: மாறுதல் ஆணைகளில் நீதிமன்றம் எதுவரை தலையிடும்?

பதவி உயர்வு ஆணை கையில் கிடைத்த அன்றே கவலையோடு எழுதப்பட்ட கடிதங்கள் இம்முறை நிறைய வந்திருக்கின்றன. உயர்வை வேண்டாம் என்று சொல்ல மனமில்லை, ஒதுக்கப்பட்ட ஊருக்குப் போகவும் வழியில்லை என்பதே பெரும்பாலான கடிதங்களின் சாரம். ஒன்றுபோல் இருந்த கேள்விகளைச் சேர்த்து, ஆறுக்கு மட்டும் இங்கே பதில் அளிக்கிறேன். கேட்டவர்களின் பெயரும் துறையும் தவிர்க்கப்பட்டுள்ளன.

கேள்வி: மாநில அரசுத் துறை ஒன்றில் உதவியாளராகப் பதினாறு ஆண்டுகள் விழுப்புரத்தில் பணிபுரிந்தேன். கடந்த மாதம் கண்காணிப்பாளராகப் பதவி உயர்வு அளித்து, அதே ஆணையில் இராமநாதபுரத்தில் பணியிடம் ஒதுக்கியிருக்கிறார்கள். கணவர் உள்ளூரில் தனியார் நிறுவனத்தில் வேலை செய்கிறார்; மகள் பன்னிரண்டாம் வகுப்புப் படிக்கிறாள்; மாமியாருக்கு வாரம் இரண்டு முறை டயாலிசிஸ். பதவி உயர்வை ஏற்றுக்கொண்டு, இடத்தை மட்டும் எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் தடை வாங்க முடியுமா ஐயா? உடன் பணிபுரிபவர்கள் ஸ்டே நிச்சயம் கிடைக்கும் என்கிறார்கள். (வாசகி, விழுப்புரம்)

பதில்: சகோதரி, நிச்சயம் கிடைக்கும் என்று சொன்னவர்கள் உங்கள் மீதுள்ள அன்பினால் சொல்லியிருப்பார்கள், தீர்ப்புகளைப் படித்தவர்கள் அப்படிச் சொல்வதில்லை.

மாறுதலுக்குரிய பதவியில் இருக்கும் அரசு ஊழியருக்கு ஒரே ஊரில் தொடர்ந்து இருக்கும் உரிமை கிடையாது என்பது பல பத்தாண்டுகளாக மாறாத சட்டநிலை. பீகார் மாநிலத் தொடக்கப்பள்ளி ஆசிரியைகள் தொடர்பான ஷில்பி போஸ் வழக்கில் 1991இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியது: சட்டத் தகுதியுள்ள கட்டாய விதி ஒன்று மீறப்பட்டிருந்தாலோ, ஆணை தீய நோக்கத்தோடு பிறப்பிக்கப்பட்டிருந்தாலோ அன்றி, மாறுதலில் நீதிமன்றங்கள் தலையிடக் கூடாது. அரசின் உள் அறிவுரைகள் மீறப்பட்டிருந்தால்கூட, பாதிக்கப்பட்டவர் முதலில் துறையின் மேலதிகாரிகளைத்தான் அணுக வேண்டும் என்றும் அதே தீர்ப்பு கூறுகிறது. இரண்டு ஆண்டுகள் கழித்து வந்த எஸ்.எல். அப்பாஸ் வழக்கின் விவரங்களைப் படித்தால் உங்கள் வீட்டுக் கதையைப் படிப்பது போலவே இருக்கும். ஷில்லாங்கில் மத்திய அரசின் தாவரவியல் ஆய்வு நிறுவனத்தில் பணிபுரிந்தவரை இமயமலைப் பகுதியிலுள்ள பௌரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கு ஷில்லாங்கில் வேலை, பிள்ளைகளுக்கு அங்கே படிப்பு. மத்திய அரசு ஊழியர்களுக்கான நிர்வாகத் தீர்ப்பாயம் மாறுதலை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் அந்த ரத்தையே ரத்து செய்தது. யாரை எங்கே மாற்றுவது என்பது உரிய அதிகாரி முடிவு செய்ய வேண்டியது, வழிகாட்டு நெறிமுறைகள் நீதிமன்றத்தின் மூலம் நிறைவேற்றிக்கொள்ளத்தக்க உரிமையைத் தருவதில்லை என்பது அதன் முடிவு.

இவை சாதாரண மாறுதலைப் பற்றியவை. உங்கள் நிலை அதைவிட ஒரு படி கடினம் என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். மாறுதலை எதிர்ப்பவர், தான் இருக்கும் நாற்காலியிலேயே இருக்க விடுங்கள் என்று கேட்கிறார். அந்த நாற்காலி அங்கே இருக்கிறது. பதவி உயர்வு பெற்றவருக்குப் பழைய நாற்காலி முடிந்துபோனது. அவர் கேட்பது வேறொரு நாற்காலியை. விழுப்புரத்தில் கண்காணிப்பாளர் பணியிடம் ஒன்று காலியாக இருந்தால் ஒழிய, உங்கள் வழக்கு நிற்பதற்கே தரை இல்லை. அது மட்டுமன்று. ஒரே ஆணையில் உயர்வும் இடமும் சேர்ந்திருக்கும்போது அந்த ஆணைக்குத் தடை வாங்குவது என்றால், சொந்தப் பதவி உயர்வுக்கே தடை வாங்குவது என்றாகிவிடும். இதைத் தவிர்க்க, இராமநாதபுரம் என்று குறிப்பிடும் அளவுக்கு மட்டும் ஆணையை எதிர்ப்பதாக வழக்கறிஞர்கள் மனுவை எழுதுவார்கள். எழுதலாம், ஆனால் இந்த இடத்தில் இந்தப் பதவி என்று ஒன்றாகக் கொடுத்ததைப் பிரித்து, வேண்டியதை மட்டும் எடுத்துக்கொள்ள எந்த விதி அனுமதிக்கிறது என்று நீதிபதி கேட்டால் பதில் வேண்டும். பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவது அரசமைப்புச் சட்டத்தின் 14, 16 ஆகிய கூறுகளின் கீழ் வரும் உரிமை. உயர்வு பெற்ற பின் இன்ன ஊரில் அமர்த்தப்படுவது அந்த உரிமைக்குள் வராது.

அப்படியானால் என்ன செய்யலாம்? வழக்கை விட முக்கியமானது துறைத் தலைவருக்கு நீங்கள் எழுதப் போகும் முறையீட்டு மனு. அப்பாஸ் வழக்கே உங்களுக்கு ஒரு பிடியைத் தருகிறது: ஊழியர் தம் இடர்ப்பாட்டை எடுத்துரைத்து முறையிட்டால், நிர்வாகத் தேவையை மனத்தில் கொண்டு அதிகாரி அதைப் பரிசீலித்தாக வேண்டும். எனவே, குடும்பச் சூழல் காரணமாக என்று ஒரே வரியில் முடித்துவிடாதீர்கள். மாமியாரின் சிகிச்சைச் சீட்டுகள், மகளின் பள்ளிச் சான்று, விழுப்புரத்திலும் அண்டை மாவட்டங்களான கடலூர், கள்ளக்குறிச்சி, திருவண்ணாமலை ஆகியவற்றிலும் காலியாக உள்ள கண்காணிப்பாளர் பணியிடங்களின் விவரம் ஆகியவற்றை இணையுங்கள். பணியிட விவரத்தைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ்ப் பத்து ரூபாய்க் கட்டணத்தில் கேட்டுப் பெறலாம். முப்பது நாள்களுக்குள் அவர்கள் பதில் தர வேண்டும். உள்ளூரிலேயே வேண்டும் என்பதைவிட, கல்வியாண்டு முடியும் வரை அருகில் ஓரிடம் என்று கேட்கும் மனுவுக்குச் செவிசாய்ப்பது எந்த அதிகாரிக்கும் எளிது.

பல வாரங்கள் ஆகியும் பதில் இல்லையென்றால் நீதிமன்றம் செல்லலாம். அங்கே இயல்பாகக் கிடைக்கக்கூடியது, உங்கள் மனுவை இத்தனை வாரங்களுக்குள் பரிசீலித்து ஆணை பிறப்பிக்க வேண்டும் என்ற உத்தரவு. பலர் இதைப் பெரிய வெற்றி என்று இனிப்பு வழங்குகிறார்கள். பரிசீலித்தோம், இயலாது என்று நான்கு வரிக் கடிதம் வந்த பிறகுதான் அந்த உத்தரவின் எடை தெரிகிறது. மனுவில் ஆவணம் இருந்தால் அந்த நான்கு வரியை எழுதுவது அதிகாரிக்குச் சங்கடமாக இருக்கும். அதனால்தான் மனுவைப் பற்றி இவ்வளவு நீட்டி எழுதினேன்.

கேள்வி: அப்படியானால் பதவி உயர்வே வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டு இங்கேயே இருந்துவிடலாமா? அதனால் பிற்காலத்தில் என்ன இழப்பு? (வாசகர், நாமக்கல், இதையே தஞ்சாவூரிலிருந்து ஒரு மத்திய அரசு ஊழியரும் கேட்டிருக்கிறார்)

பதில்: இருவருக்கும் தனித்தனியே பதில் சொல்ல வேண்டும்.

மாநில அரசு ஊழியர்களிடையே இதை உரிமைவிடல் என்பார்கள். தற்காலிக உரிமைவிடல், நிரந்தர உரிமைவிடல் என்று இரண்டு வகை உண்டு. தற்காலிகமாக விட்டுக்கொடுத்தால் மூன்று ஆண்டுகளுக்கு உங்கள் பெயர் பதவி உயர்வுப் பட்டியலில் பரிசீலிக்கப்படாது. அதற்குள் உயர்வு பெற்று மேலே சென்ற இளையவர்கள் அந்தப் பதவியில் உங்களுக்கு மூத்தவர்கள் ஆகிவிடுவார்கள். நிரந்தரமாக விட்டுக்கொடுத்தவருக்கு அந்தக் கதவு மீண்டும் திறக்காது. கோபத்தில் இருக்கும் நாளில் நிரந்தரம் என்ற சொல்லை எழுதிவிடாதீர்கள் என்பது என் வேண்டுகோள். உரிமைவிடல் கடிதம் கொடுத்த பிறகு, அதே பதவி உயர்வு எனக்கு மறுக்கப்பட்டது என்று வழக்குத் தொடுத்தவர்களின் மனுக்களைப் பார்த்திருக்கிறேன். அவற்றை வாதாடும் வழக்கறிஞரின் முகத்தைப் பார்க்கப் பாவமாக இருக்கும்.

மத்திய அரசு ஊழியருக்குப் பணியாளர் துறையின் 1981 அக்டோபர் 1ஆம் நாளைய அலுவலகக் குறிப்பாணை இன்றும் அடிப்படை. அதன்படி, மறுப்பதற்கான காரணம் நியமன அதிகாரிக்கு ஏற்புடையதாக இருந்தால்தான் மறுப்பு ஏற்கப்படும். ஏற்கப்பட்டால் ஓராண்டு வரையோ அடுத்த காலியிடம் வரும் வரையோ, எது பிந்தியதோ அதுவரை மறுபடியும் உயர்வு அளிக்கப்படாது. பின்னால் உயர்வு வரும்போது, இடையில் உயர்ந்த இளையவர்களுக்குக் கீழேதான் பணிமூப்பு அமையும். காரணம் ஏற்கப்படாவிட்டால் உயர்வைக் கட்டாயமாக்கலாம், அதற்கும் இணங்காதவர் மீது ஒழுங்கு நடவடிக்கையும் எடுக்கலாம் என்ற வரியும் அதே குறிப்பாணையில் இருக்கிறது. பலர் அந்த வரியைப் படிப்பதே இல்லை.

பணத்தைப் பொறுத்த இழப்பு இதைவிடப் பெரியது. பதவி உயர்வு கிடைக்காமல் தேங்கி நிற்பவர்களுக்காக ஏற்பட்டதுதான் குறிப்பிட்ட ஆண்டுகளுக்கு ஒருமுறை ஊதிய நிலையை உயர்த்தித் தரும் திட்டம். வந்த உயர்வை மறுத்தவர் தேங்கி நின்றவர் ஆக மாட்டார். மஞ்சு அரோரா வழக்கில் 2022 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது: முறையான பதவி உயர்வு தரப்பட்டும் சொந்தக் காரணங்களுக்காக மறுத்தவர்கள், அத்திட்டத்தின் பயனைக் கோர முடியாது. ஆகவே தஞ்சாவூர் நண்பர் ஊரில் இருப்பதன் விலையை, ஓய்வூதியம் வரை கணக்கிட்டுப் பார்த்துவிட்டு முடிவெடுக்கட்டும். நாமக்கல் நண்பர், ஒரே பதவியில் நெடுங்காலம் இருப்பவர்களுக்குத் தரப்படும் தேர்வுநிலை, சிறப்புநிலை ஊதியத்தில் தமக்கு ஏற்படும் விளைவை அலுவலகத்தில் எழுத்து மூலம் கேட்டுப் பெற்ற பிறகே கையொப்பமிட வேண்டும்.

கேள்வி: நான் மத்திய அரசுத் துறையில் பணிபுரிகிறேன், மனைவி திருச்சியில் மாநில அரசுப் பணியில் இருக்கிறார். பதவி உயர்வில் என்னைக் குஜராத்துக்கு அனுப்பியிருக்கிறார்கள். கணவன் மனைவியை ஒரே ஊரில் அமர்த்த வேண்டும் என்ற அரசாணை இருக்கும்போது இது செல்லுமா? எங்கே வழக்குத் தொடுப்பது? (வாசகர், திருச்சி)

பதில்: நீங்கள் சொல்லும் குறிப்பாணை உண்மையில் இருக்கிறது. 1986இல் முதன்முதலாக வந்தது. 2009 செப்டம்பர் 30ஆம் நாள் விரிவாக்கி மறுபடி வெளியிடப்பட்டது. இயன்றவரை சேர்த்து அமர்த்துமாறு அதிகாரிகளுக்கு அது அறிவுறுத்துகிறது. சிக்கல் அந்த 'இயன்றவரை' என்ற சொல்லில் இருக்கிறது.

உங்களுக்கு நேர் எதிராக நிற்பது பேங்க் ஆஃப் இந்தியா வழக்கு. எழுத்தர் நிலையிலிருந்து அதிகாரியாக உயர்ந்த ஒருவரைப் பீகாருக்கு அனுப்பினார்கள். அவர் மனைவிக்குச் சண்டிகரில் வேலை. உயர் நீதிமன்றம் அவரைச் சண்டிகரில் அமர்த்தச் சொன்னது. உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. நாடு முழுதும் மாறுதலுக்குரிய பணியில் இருவரும் வெவ்வேறு ஊர்களில் இருக்க நேர்வது சில வேளைகளில் தவிர்க்க முடியாதது, அந்தப் பணியை ஏற்கும்போதே தம்பதியர் அதை எண்ணிப் பார்த்திருக்க வேண்டும் என்றது தீர்ப்பு. எழுத்தராகவே இருந்திருந்தால் அவர் ஊரில் இருந்திருக்கக்கூடும். அதிகாரி நிலையை ஏற்றபோது அதனோடு வந்த பொறுப்பையும் சேர்த்தே ஏற்றார் என்பதே அந்த வழக்கின் தருக்கம். பதவி உயர்வுப் பணியிடம் பற்றிய எந்த வழக்கிலும் அரசுத் தரப்பு முதலில் எடுத்து நீட்டும் தீர்ப்பு இது.

ஆயினும் அண்மைக் காலத்தில் ஒரு சிறு அசைவு தெரிகிறது. மத்திய மறைமுக வரித்துறை ஊழியர்களின் மண்டலம் விட்டு மண்டலம் மாறுதல் நிறுத்தப்பட்டதை எதிர்த்த நௌஷாத் ரஹ்மான் வழக்கில், 2022 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அரசின் சுற்றறிக்கையைச் செல்லும் என்றே கூறியது. ஆனால் அதோடு நிற்கவில்லை. குடும்ப வாழ்க்கையைக் காப்பது மனித மாண்பின் ஒரு பகுதி, கொள்கை வகுக்கும்போது அரசு அதைப் புறந்தள்ள முடியாது என்று சொல்லி, கணவன் மனைவி பணியிடம், மாற்றுத்திறனாளிகள் ஆகியோரைப் பொறுத்துக் கொள்கையை மறு ஆய்வு செய்யுமாறு பணித்தது. தனிப்பட்ட ஊழியருக்கு இது தடையாணையைப் பெற்றுத் தராது. உங்கள் முறையீட்டு மனுவில் மேற்கோள் காட்டினால், அதைப் படிக்காமல் ஒதுக்குவது அதிகாரிக்கு எளிதாக இராது.

நீங்கள் செல்ல வேண்டிய இடம் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வு. 1985ஆம் ஆண்டுச் சட்டப்படி, முதலில் துறைக்குள் இருக்கும் வழிகளைப் பயன்படுத்தியிருக்க வேண்டும். ஆணை வந்து ஓராண்டுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். அரசுத் தரப்புக்கு நகல் கொடுத்து அவர்களைக் கேட்ட பிறகே இடைக்கால உத்தரவு என்பது பொதுவிதி. விதிவிலக்காக ஒருதலையாக வழங்கினால் பதினான்கு நாள்களுக்குத்தான் அது நிற்கும். தீர்ப்பாயத்தில் தோற்றால், 1997இல் சந்திரகுமார் வழக்கில் வகுக்கப்பட்டபடி, உயர் நீதிமன்றத்தில் இரு நீதிபதிகள் அமர்வை அணுகலாம். விழுப்புரம் சகோதரி போன்ற மாநில அரசு ஊழியர்களுக்கு இந்தத் தீர்ப்பாயம் இல்லை. தமிழ்நாட்டுக்கென்று ஒரு காலத்தில் இருந்த நிர்வாகத் தீர்ப்பாயம் கலைக்கப்பட்டுவிட்டதால், அவர்கள் நேரே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்ய வேண்டும். தென்மாவட்டத்தவர் மதுரைக் கிளையில்.

கேள்வி: அலுவலகத்தில் நடந்த கொள்முதல் முறைகேட்டைப் பற்றி நான் எழுத்து மூலம் அறிக்கை கொடுத்தேன். இரண்டு மாதத்தில், காலமெல்லாம் கிடப்பில் கிடந்த பதவி உயர்வுப் பட்டியல் திடீரென்று வெளிவந்து, எனக்கு மட்டும் மாநிலத்தின் மறுகோடியில், வேலையே இல்லாத ஒரு பணியிடம் தரப்பட்டிருக்கிறது. உயர்வு கொடுத்திருப்பதால் இதைத் தண்டனை என்று சொல்ல முடியாதாம். உள்ளூர்ச் சட்டமன்ற உறுப்பினர் சிபாரிசுக் கடிதமும் கொடுத்ததாகக் கேள்வி. (வாசகர், பெயரும் ஊரும் வேண்டாம் என்று கேட்டுள்ளார்)

பதில்: இந்தக் கடிதத்தை மூன்று முறை படித்தேன். இம்முறை வந்தவற்றில் நீதிமன்றம் உட்கார்ந்து கேட்கக்கூடிய வழக்கு இதுதான்.

உயர்வு என்ற உறைக்குள் தண்டனையை வைத்து அனுப்ப முடியுமா என்ற கேள்வி தமிழ்நாட்டிலிருந்துதான் உச்ச நீதிமன்றத்துக்குச் சென்றது. 1971 தேர்தலுக்குப் பின் தலைமைச் செயலாளர் ராயப்பா, அப்பதவியிலிருந்து மாற்றப்பட்டு மாநிலத் திட்டக்குழுவின் துணைத் தலைவராக அமர்த்தப்பட்டார். மறு ஆண்டில் தனி அலுவலராக மற்றொரு பணியிடம் தரப்பட்டது. ஊதியம் குறையவில்லை, எனவே குறை என்ன என்பது அரசின் வாதம். தாம் ஒதுக்கப்பட்டதற்குக் காரணம் முதலமைச்சரின் பகைமை என்பது ராயப்பாவின் வாதம். 1973 நவம்பரில் அவர் மனு தள்ளுபடி ஆனது. தீய நோக்கத்தைச் சொல்பவர்தான் அதை நிறுவ வேண்டும், அந்தச் சுமை மிகக் கனமானது என்று நீதிபதிகள் கருதினார்கள். ஆனால் தோற்ற அந்த வழக்கில் நீதிபதி பகவதி எழுதிய பகுதிதான் இந்தியச் சட்டத்தையே திருப்பிவிட்டது. சமத்துவமும் தன்னிச்சையான போக்கும் ஒன்றுக்கொன்று பகை, தன்னிச்சையான செயல் எதுவும் 14ஆம் கூறை மீறுவதே என்ற கோட்பாடு அங்கே பிறந்தது. அரசின் எந்த ஆணையையும் தன்னிச்சையானது என்று எதிர்க்க இன்று முடிகிறதென்றால், அந்தக் கதவை ஒரு பணியிட வழக்கு திறந்து வைத்தது.

உங்களுக்கு இன்னும் நெருக்கமானது 2020 பிப்ரவரியில் வந்த தீர்ப்பு. இந்தூரில் ஒரு பொதுத்துறை வங்கியின் முதுநிலைப் பெண் அதிகாரி, கிளையில் நடந்த முறைகேடுகளைப் பற்றி மேலிடத்துக்கு எழுதினார். மேலதிகாரி ஒருவர் மீது பாலியல் தொல்லைப் புகாரும் அளித்தார். அவரை ஜபல்பூர் மாவட்டத்துச் சிறு கிளை ஒன்றுக்கு மாற்றினார்கள். வங்கியில் நிலையின் எண் கூடக் கூடப் பதவி உயரும்; அவர் நான்காம் நிலை அதிகாரி. அந்தக் கிளை முதல் நிலை அதிகாரி அமர வேண்டியது. மாறுதலை ரத்து செய்த உயர் நீதிமன்றத்தின் முடிவை உச்ச நீதிமன்றம் உறுதி செய்து, அவரை இந்தூரிலேயே ஓராண்டுக்கு அமர்த்தவும் ஐம்பதாயிரம் ரூபாய் செலவுத்தொகை வழங்கவும் ஆணையிட்டது. முறைகேட்டை எழுதியது, அதற்குப் பின் வந்த மாறுதல், தகுதிக்குப் பொருந்தாத பணியிடம் ஆகிய மூன்றும் தேதி வரிசையில் ஆவணமாகவே இருந்ததுதான் அந்த வழக்கின் வலிமை. உங்கள் கையிலும் அந்த மூன்றும் இருப்பதாகத் தெரிகிறது. அறிக்கையின் நகலும் அது பெறப்பட்டதற்கான முத்திரையும் உள்ளனவா என்று உடனே பாருங்கள்.

தீய நோக்கத்தில் இரண்டு வகை உண்டு. ஓர் அதிகாரிக்கு உங்கள் மேல் தனிப்பட்ட பகை இருந்தது என்பது ஒன்று. அதைச் சொல்வதானால் அவரைப் பதவியால் மட்டுமன்றிப் பெயராலும் எதிர்மனுதாரராகச் சேர்த்தாக வேண்டும். அவருக்குப் பதில் சொல்ல வாய்ப்பளிக்காமல் எழுப்பும் குற்றச்சாட்டை நீதிமன்றம் பொருட்படுத்தாது. இரண்டாவது, சட்டத்தின் பார்வையிலான தீய நோக்கம். பகை யாருக்கும் இல்லாவிட்டாலும், மாறுதலுக்குத் தொடர்பற்ற காரணத்தை வைத்து அதிகாரத்தைப் பயன்படுத்தியிருந்தால் போதும். போபாலில் இருந்த சுங்க, கலால் அதிகாரி சோமேஷ் திவாரியை ஒரு மொட்டைக் கடிதத்தின் அடிப்படையில் ஷில்லாங்குக்கு மாற்றியதை இந்த இரண்டாம் வகை என்றுதான் உச்ச நீதிமன்றம் கூறியது. தண்டனைக்கு மாற்றாக மாறுதலைப் பயன்படுத்துவது முற்றிலும் சட்டவிரோதம் என்ற அதன் கூற்று உங்கள் மனுவின் முதல் பக்கத்தில் இருக்க வேண்டும். ஒருவர் தவறு செய்ததாக நிர்வாகம் எண்ணினால் அதற்கு ஒழுங்கு நடவடிக்கைக்கான 17(அ), 17(ஆ) என்று விதிகள் இருக்கின்றன. குறிப்பாணை கொடுத்து விளக்கம் கேட்கட்டும்.

சட்டமன்ற உறுப்பினரின் கடிதத்தை மட்டும் பெரிதாக நம்பாதீர்கள். மக்கள் பிரதிநிதி ஒருவர் புகாரோ பரிந்துரையோ அனுப்பினார் என்பதாலேயே மாறுதல் கெட்டுவிடாது என்று முகமது மசூத் அகமது வழக்கில் 2007இலேயே தீர்ப்பாகிவிட்டது. அதிகாரி தம் மூளையைப் பயன்படுத்தி முடிவெடுத்தாரா, கடிதத்தின் கீழ் கையொப்பம் மட்டும் இட்டாரா என்பதே கேள்வி. அதைக் கோப்பில் உள்ள குறிப்புகள்தான் காட்டும். கோப்பை வரவழைத்துப் பார்க்குமாறு நீதிமன்றத்தைக் கேளுங்கள்.

கேள்வி: ஐ.ஏ.எஸ்., ஐ.பி.எஸ். அதிகாரிகளுக்கு இரண்டு ஆண்டு காலம் ஒரே இடம் என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. சாதாரண ஊழியருக்கு ஏன் இல்லை? (வாசகர், சிவகாசி)

பதில்: நியாயமான கோபம், ஆனால் பதில் நீதிபதிகளிடம் இல்லை, சட்டமன்றத்திடம் இருக்கிறது. காவல்துறைத் தலைமைக்கு இரண்டாண்டு என்பது பிரகாஷ் சிங் வழக்கில் 2006இல் வந்தது. குடிமைப் பணி வாரியம், குறைந்தபட்சப் பணிக்காலம் ஆகியவை டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் வழக்கில் 2013 அக்டோபரில் வந்தன. கேரளத்தின் காவல்துறைத் தலைவர் சென்குமாரை இடையில் மாற்றியதை 2017 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தபோது, அவருக்குத் துணை நின்றது கேரளக் காவல் சட்டம் வகுத்திருந்த இரண்டாண்டுப் பணிக்காலம்தான். மகாராஷ்டிரத்தில் 2005ஆம் ஆண்டின் மாறுதல் ஒழுங்குமுறைச் சட்டம் சாதாரண அரசு ஊழியருக்கும் பொதுவாக மூன்றாண்டு என்று வகுத்து, முன்கூட்டியே மாற்றினால் காரணத்தை எழுதி மேலிட ஒப்புதல் பெற வேண்டும் என்கிறது. அதனால் அங்கே ஊழியர் நீதிமன்றத்தில் வெல்ல முடிகிறது. நம்மிடம் இருப்பவை வழிகாட்டு நெறிமுறைகள். மீறப்பட்டால் வருத்தப்படலாம், வழக்கில் வெல்வது அரிது. ஊழியர் சங்கங்கள் ஊதியக் கோரிக்கையோடு இதையும் முன்வைத்திருக்க வேண்டும் என்பது என் கருத்து.

இன்னொன்று, நீங்கள் பொறாமைப்படும் அந்த ஐ.ஏ.எஸ். விதியிலேயே ஒரு வாசல் இருக்கிறது. இரண்டாண்டுக் காப்பு, இடையில் அவர் பதவி உயர்வு பெற்றால் பொருந்தாது. உயர்வு வந்தால் இடம் மாறும் என்பதை விதி எழுதியவர்களே ஏற்றுக்கொண்டுவிட்டார்கள்.

கேள்வி: தலைமையாசிரியர் பதவி உயர்வுக் கலந்தாய்வில் எங்கள் ஒன்றியத்துக் காலியிடம் திரையில் காட்டப்படவில்லை. வேறு வழியின்றித் தொலைவில் ஓர் இடத்தைத் தேர்ந்தெடுத்தேன். ஒரு வாரம் கழித்து என்னைவிடப் பணிமூப்பில் இளையவருக்கு அந்த இடம் தரப்பட்டது. நான் பணியேற்காமல் மருத்துவ விடுப்பில் இருக்கிறேன். வழக்குத் தொடரலாமா? (ஆசிரியை, தென்காசி)

பதில்: தொடரலாம், அதற்கு முன் பணியேற்றுவிடுங்கள். முதலில் வழக்கைப் பற்றி.

உங்கள் குறை ஊரைப் பற்றியது போலத் தோன்றினாலும் உண்மையில் அது நடைமுறையைப் பற்றியது; அதனால்தான் மற்றவர்களைவிட உங்கள் நிலை நன்றாக இருக்கிறது. பணிமூப்பு வரிசைப்படி அழைத்து, எல்லாக் காலியிடங்களையும் காட்டி, விருப்பம் கேட்டு ஒதுக்குவோம் என்று அரசே அறிவித்துவிட்டால், அறிவித்த முறைக்கு அரசும் கட்டுப்பட்டதே. இடத்தை மறைத்து, பின்னால் இளையவருக்குக் கொடுப்பது 14ஆம் கூறின் எல்லைக்குள் வரும். கலந்தாய்வு நாளில் அந்தப் பணியிடம் காலியாக இருந்ததா, பின்னர்தான் காலியானதா என்பதே முழு வழக்கும். அங்கே முன்பு இருந்தவர் ஓய்வு பெற்ற அல்லது மாறிய நாளைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் உறுதி செய்யுங்கள். அந்த இளையவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க மறவாதீர்கள். அவருடைய இடத்தைக் கேட்டுவிட்டு அவரைக் கேட்காமல் விட்டால் மனு அந்தக் குறையாலேயே விழும். உங்களுக்கு உடற்குறைபாடு ஏதேனும் இருந்தால் அதையும் தெரிவியுங்கள். 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் பணியிடம், மாறுதல் குறித்துத் தனிக் கொள்கை வகுக்க அரசுக்கு இடமளிக்கிறது.

மருத்துவ விடுப்புதான் என்னைக் கவலைப்பட வைக்கிறது. முறையீட்டு மனு நிலுவையில் இருக்கிறது என்ற காரணத்தால் பணியேற்காமல் இருக்க ஊழியருக்கு உரிமை இல்லை. குஜராத் மின்வாரிய வழக்கில் மாறுதலை ஏற்காமல் இருந்தவர் வேலையையே இழந்தார். 1989இல் உச்ச நீதிமன்றம் அதில் பிழை காணவில்லை. உடல்நலம் உண்மையிலேயே சரியில்லை என்றால் சான்று இருக்கட்டும். இல்லையென்றால் மருத்துவக் குழுவின் முன் நிற்கும் நிலையை வரவழைத்துக்கொள்ளாதீர்கள். மேலும், உயர்பதவியின் ஊதியம் நீங்கள் பொறுப்பேற்கும் நாளிலிருந்துதான் தொடங்கும். விடுப்பில் கழியும் ஒவ்வொரு நாளும் உங்களுக்குத்தான் இழப்பு.

பணியேற்பு அறிக்கையைக் கொடுக்கும்போது, கலந்தாய்வில் காலியிடம் காட்டப்படாதது குறித்த என் முறையீட்டுக்கும் சட்டப்படியான உரிமைக்கும் பாதிப்பின்றிப் பணியேற்கிறேன் என்று ஒரு வரி சேர்த்து எழுதி, நகலில் ஒப்புகை பெற்றுக்கொள்ளுங்கள். அந்த நகலோடு மதுரையில் ஒரு வழக்கறிஞரைப் பாருங்கள்.